ஏல்வெர்ட்டில் ஓடிய ட்ராக்டர்

உங்கள் காபி நன்றாகவே இருக்கிறது. டப்பாவைத் திறந்து ஆளுக்கு ஒரு பிஸ்கட் கொடுத்துவிட்டு உடனே மூடி வைத்தீர்கள் பாருங்கள், அப்போதே எனக்கு மனசு லேசாகிவிட்டது. இரண்டாவது பிஸ்கட்டை நீட்டியிருந்தால் பயந்திருப்பேன். நெதர்லாந்தில் மற்ற இடம் எப்படியோ, நம் க்ரோனிங்கன் பக்கத்தில் இரண்டாவது பிஸ்கட் வருகிறதென்றால் வீட்டில் யாரோ செத்திருக்கிறார்கள் என்று அர்த்தம். செத்தது உண்மைதான். ஆனால் அது நடந்து பதினான்கு மாதம் ஆகிறது, பிஸ்கட்டுக்கான காலம் முடிந்துவிட்டது.

வாக்குமூலத்தில் பெயர் லாமெர்ட் என்று எழுதிக்கொள்ளுங்கள். வயது எழுபத்தொன்பது. தொழில் என்ற இடத்தில் ‘கேட்பது’ என்று போடுங்கள். நாற்பத்தியொரு வருடமாக அதைத்தான் செய்கிறேன்.

முந்நூறு வருடத்துக்கு முன்பு எழுதிய பரோக் இசையை, முந்நூறு வருடத்துக்கு முன்பு வாசித்த மாதிரியே வாசிக்கிறவர்கள் எங்கள் ஆட்கள். அந்தக் காலத்து வாத்தியம், அந்தக் காலத்துச் சுருதி, அந்தக் காலத்து விரல் பழக்கம். அதைப் படம் பிடித்து வெளியிடுகிற சிறிய கம்பெனி எங்களுடையது. படத்தில் மின்விளக்கு தெரியக் கூடாது, கைக்கடிகாரம் தெரியக் கூடாது. ஒரு படத்தில் வயலின்காரர் ஒருவர் பழைய பொய்முடி ஒன்றைத் தேடிப் பிடித்து வைத்துக்கொண்டு வந்தார். அதில் பேன் இருந்தது. அந்தப் பேன் முடியோடு வந்த பழைய வம்சமா, வழியில் ஏறிய புதுசா என்று ஒரு மணி நேரம் விவாதித்தார்கள். பழசு என்று முடிவானதும் எல்லோருக்கும் திருப்தி.

படப்பிடிப்பின்போது நான் தேவாலயத்துக்குள் இருக்க மாட்டேன். போதகர் அங்கி மாட்டிக்கொள்கிற பக்கத்து அறையில், காதில் ஹெட்போனை வைத்துக்கொண்டு, இசைத்தாளை விரித்து உட்கார்ந்திருப்பேன். உள்ளே விழுகிற ஒவ்வொரு ஓசையும் மைக் வழியாக எனக்கு மட்டும் வரும். மேஜைமேல் ஒரு பொத்தான். அதை அழுத்திப் பேசினால் உள்ளே ஒலிபெருக்கியில் என் குரல் கேட்கும். ‘நல்லாருந்தது’ என்றால் எல்லோரும் வீட்டுக்குப் போகலாம். ‘மறுபடி’ என்றால் மறுபடி. ஏன் என்று கேட்கிற வழக்கம் எங்கள் தொழிலில் கிடையாது. வாசிக்கிறவனுக்குத் தன் வாத்தியம் மட்டும்தான் கேட்கும். தெருவில் போகிற சைக்கிள் மணியை அவன் எப்படிக் கேட்பான். ஆகவே எங்கள் கூட்டத்தில் ஒருவன் மட்டும் கேட்பான், மற்றவர்கள் நம்புவார்கள்.

ஒரு தடவை ஓர் ஈ உள்ளே வந்துவிட்டது. அடித்தால் அடிக்கிற சத்தம் அந்தக் கல் சுவர்களில் ஏழு நொடி நிற்கும். அதனால் ஈ தன் வயதில் சாகட்டும் என்று காத்திருந்தோம். இரண்டு நாள். பதினேழு வாத்தியக்காரர்களும் காத்திருந்தார்கள். நான் பொறுமைசாலி என்று காட்டுவதற்காக இதைச் சொன்னேன்.

வோபேயை உங்களுக்குத் தெரியாமலிருக்க முடியாது. தலைமுடியெல்லாம் ஒரு பக்கமாக நிற்கிற அந்தப் படம் எல்லா ரயில் நிலையத்திலும் ஒட்டியிருந்தது. உலகத்திலேயே தேவாலயத்துப் பழைய குழல் ஆர்கனை இவன் மாதிரி வாசிக்கிறவன் இல்லை என்று எழுதினார்கள். இருபத்திரண்டு வயதில் நாங்கள் இருவரும் ஒரே வாத்தியாரிடம் படித்தோம், ஒரே அறையில் தங்கினோம், ஒரே தேவாலயத்து ஆர்கனிஸ்ட் வேலைக்குப் போட்டியிட்டோம். வேலை அவனுக்குக் கிடைத்தது. வெளியே வந்ததும் தோளில் கை போட்டுச் சொன்னான்.

“வருத்தப்படாதடா. உனக்குக் காது இருக்கு, கைதான் இல்ல. எனக்குக் கை இருக்கு. ரெண்டு பேரும் சேந்தா ஒரு முழு மனுஷன்.”

அவன் சொன்னதில் தப்பு ஒன்றுமில்லை. அப்போதே தெளிவாகக் கேட்டது. இப்போதும் கேட்கிறது.

அந்த முழு மனுஷனில் ஒரு பாதிதான் போஸ்டரில் இருந்தான் என்பது மட்டும் விஷயம். வோபேக்கு இடது கையில் நாலாவது விரல் வழுக்கும். கடினமான இடம் வந்தால் பக்கத்துக் கட்டையையும் சேர்த்துத் தொட்டுவிடுவான். அவனுக்கு அது தெரியவே தெரியாது, ஏனென்றால் தெரிவதற்கு முன்பே நான் வெட்டிவிடுவேன். மூன்றாவது தடவை வாசித்ததில் பாதி, ஐந்தாவதில் கால், இரண்டாவதில் ஒரே ஒரு சுரம் என்று எடுத்து ஒட்டித்தான் ஒரு வாசிப்பு உண்டாகும். படம் வெளிவந்ததும் போட்டுக் கேட்டுவிட்டு, “பரவால்லயே, அன்னிக்கு நல்லாத்தான் வாசிச்சிருக்கேன்” என்பான்.

நாடாவில் பதிந்த காலத்தில் வெட்டிய துண்டுகளை நான் குப்பையில் போட்டதில்லை. ஒரு பிஸ்கட் டப்பாவில் சேர்த்து வைத்தேன். பிற்பாடு அவற்றை ஒட்டி ஒரே சுருளாக்கினேன். நாற்பத்தியொரு நிமிடம் ஓடும், முழுக்க வோபேயின் தப்பான சுரங்கள். அவன் பிறந்தநாளன்று வருடா வருடம் தனியாக உட்கார்ந்து போட்டுக் கேட்பேன். நண்பர்களின் பிறந்தநாளை மறக்கிற ஆள் இல்லை நான்.

அவனுக்கு ஒரு பெரிய விருது கொடுத்தார்கள். மேடையேறி நன்றி சொன்னான். ஆர்கனுக்குக் காற்று ஊதத் துருத்தி மிதிக்கிற ஹிண்டெர்க்குக்கு நன்றி. மெழுகுவர்த்தி வார்த்துக் கொடுக்கிற அம்மாவுக்கு நன்றி. துருத்திக்குத் தோல் கொடுத்த ஆடுகளுக்கு நன்றி. சபை சிரித்தது. நானும் சிரித்தேன். இரண்டாவது வரிசையில், ஆடுகளுக்குக் கொஞ்சம் பின்னால்தான் உட்கார்ந்திருந்தேன்.

அதற்கு அடுத்த வசந்தத்தில் என் வீட்டுக்கு வந்தான். ஏல்வெர்ட் கிராமத்து ஆர்கனில் கடைசியாக ஒரு படம் செய்ய வேண்டும் என்றான். அந்தக் காலத்து ஹாம்பர்க்காரர் ஒருவர் எழுதியது, இருபத்தாறு நிமிடம். ஐம்பது வருடமாக அதைத் தொடப் பயந்துகொண்டிருந்தான்.

“ஒரே ஓட்டம்டா லாமெர்ட். வெட்டும் கெடையாது, ஒட்டும் கெடையாது. உக்காருவேன், வாசிப்பேன், எந்திரிப்பேன். முந்நூறு வருஷத்துக்கு முன்னால உன் கத்தரி இருந்துச்சா, சொல்லு?”

“இல்லை” என்றேன்.

“அப்ப நீ வா, பொத்தான அமுக்கு, முடிஞ்சதும் திருப்பி அமுக்கு. அவ்ளோதான் உன் வேல. பட்டாணி சூப்பு நான் வாங்கித் தர்றேன்.”

ஒரே ஓட்டத்துக்கு இன்னொரு காரணமும் இருந்தது. வோபேயின் இதயத்தில் ஒரு வால்வு பன்றியினுடையது. அந்தப் பன்றி நன்றாகத்தான் உழைத்தது, ஆனால் அதற்கும் வயசாகிவிட்டது. படியேறவே கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். ஆர்கன் மாடத்துக்கு முப்பத்தியொரு படி. அவன் மகள் ரிக்ஸ்ட் எனக்குப் போன் செய்தாள். குழந்தையிலிருந்து என்னை மாமா என்றுதான் கூப்பிடுவாள்.

“மாமா, டாக்டர் ஒரே ஒரு தடவைக்குத்தான் சரின்னுருக்காரு. ஒரு தடவ ஏறணும், ஒரு தடவ வாசிக்கணும், எறங்கணும். அதுக்கு மேல போனா என்ன ஆகும்னு அவரே சொல்லிட்டாரு. அப்பா யார் பேச்சும் கேக்க மாட்டாரு, உங்க பேச்ச மட்டுந்தான் கேப்பாரு. ஒரு தடவையோட முடிச்சிருவீங்கல்ல?”

“கவலைப்படாதே” என்றேன். அப்படித்தான் சொன்னேன். அவள் உங்களிடம் சொன்னது சரிதான்.

ஜனவரி மாதம், ஒரு வியாழக்கிழமை. ஜன்னல்களில் கறுப்புத் துணி அடித்து, கட்டைகளுக்கு இரு பக்கமும் மெழுகுவர்த்தி ஏற்றியிருந்தோம். மூன்று கேமரா. ரிக்ஸ்ட் அப்பாவுக்குப் பக்கத்தில் நின்று தாள் புரட்டவும், குழல் வரிசையை மாற்றுகிற குமிழ்களை இழுக்கவும், மெழுகுவர்த்தி மாற்றவும். ஆர்கனுக்குப் பின்னால் ஹிண்டெர்க் துருத்தி மிதிக்க. ஹிண்டெர்க் விவசாயி, எழுபது வயது, சத்தம் வரக் கூடாதென்று மரச்செருப்பைக் கழற்றிவிட்டு மூன்று ஜோடிக் காலுறை போட்டிருந்தான். உள்ளே ஆறு டிகிரி. வோபே மூச்சு விட்டால் மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் புகையாக எழுந்தது. படத்துக்கு அது மிகவும் அழகு என்று கேமராக்காரர் சொன்னார்.

ஒன்பதரை மணிக்கு வோபே பெப்பர்மிண்ட் ஒன்றை வாயில் போட்டுக்கொண்டு வாசிக்க ஆரம்பித்தான்.

நான் இசைத்தாளில் பென்சிலை வைத்துக்கொண்டு காத்திருந்தேன். தப்பு வந்தால் அந்த இடத்தில் ஒரு சின்னக் கோடு போடுவேன். முதல் பக்கத்தில் கோடு விழவில்லை. ஐந்தாவது பக்கத்திலும் விழவில்லை. பதினெட்டாவது நிமிடத்தில் இடது கையின் நாலாவது விரலுக்கென்றே செய்து வைத்த மாதிரி ஒரு இடம் வருகிறது. அது வருவதற்கு முன்பே பென்சிலைத் தாளில் ஊன்றிவிட்டேன். விரல் வழுக்கவில்லை. அந்த விரல் எங்கே போக வேண்டுமோ அங்கே போய், எவ்வளவு நேரம் நிற்க வேண்டுமோ அவ்வளவு நேரம் நின்று, எடுத்துக்கொண்டது. கடைசிச் சுரம் அடங்கியபோது பன்னிரண்டு பக்கமும் வெள்ளையாக இருந்தன. நாற்பத்தியொரு வருடத்தில் நான் கை வைக்காத தாள் அது ஒன்றுதான்.

கண்ணில் தண்ணீர் வந்தது. ஆறு டிகிரியில் யாருக்கும் வரும்.

பிறகு பொத்தானை அழுத்தி, “அடடா, ட்ராக்டர்” என்றேன்.

உள்ளே ஹிண்டெர்க்தான் முதலில் வாயைத் திறந்தான்.

“யோவ் லாமெர்ட், ட்ராக்டரா? இந்த ஊர்ல இருக்கிறதே ஒரு ட்ராக்டர். அது என்னோடது. அது கொட்டகையில நிக்குது, நான் இங்க நிக்கிறேன். அதுவா கெளம்பி வயலுக்குப் போயிருச்சா?”

“தூரத்தில் எங்கேயோ” என்றேன். “இது தட்டை நிலம் ஹிண்டெர்க். ஜெர்மனியில் மாடு இருமினால் இங்கே கேட்கும்.”

“எந்த மாடுய்யா ஜனவரியில…”

“ஹிண்டெர்க், வாய மூடு” என்றான் வோபே. “காது சொன்னா சொன்னதுதான். ரிக்ஸ்ட், மொதல் பக்கத்த எடும்மா.”

“எனக்கு ஒண்ணும் கேக்கலப்பா.”

“உனக்கு லாமெர்ட் காதா இருக்கு?”

அவன் குரலில் வருத்தமே இல்லை என்பதையும் எழுதிக்கொள்ளுங்கள். என்மேல் அவ்வளவு நம்பிக்கை.

இரண்டாவது தடவை கோபுரத்தில் காக்கை. மூன்றாவது தடவை ஹிண்டெர்க் மிதிக்கிற பலகை கிறீச்சிட்டது. மூன்று ஜோடிக் காலுறையையும் காட்டி அவன் சத்தியம் செய்தான், பலனில்லை. நாலாவது தடவை ரிக்ஸ்டின் வயிறு. அவள் முகம் சிவந்து எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்டாள். அதனால் சாப்பாட்டுக்கு விட்டோம். பட்டாணி சூப் கெட்டியாக, கரண்டி நிற்கிற பதத்தில் இருந்தது. வோபே வாங்கித் தருகிறேன் என்று சொன்னபடி வாங்கித் தந்தான். ஆனால் அவன் குடிக்கவில்லை. படி இறங்கினால் மறுபடி ஏற வேண்டும் என்று மேலேயே உட்கார்ந்திருந்தான். ஹிண்டெர்க் ஒரு கிண்ணத்தை மேலே கொண்டுபோய், குடிக்காத கிண்ணத்தைக் கீழே கொண்டுவந்து, அதையும் தானே குடித்தான்.

ஐந்தாவது தடவை விமானம். ஆறாவது தடவை கோபுரக் கடிகாரம். அந்தக் கடிகாரத்தை நானே காலையில் ஏறி நிறுத்தியிருந்தேன், யாருக்கும் அது ஞாபகமில்லை. ஏழாவதில் என்ன சொன்னேன் என்று எனக்கே ஞாபகமில்லை. இரண்டிலிருந்து ஏழுவரை வோபே நன்றாகத்தான் வாசித்தான். முதல் தடவை மாதிரி இல்லை, ஆனால் நன்றாக.

எட்டாவது தடவையில் நாலாவது விரல் வழுக்கியது. தாளில் கோடு போட்டேன். சொன்னால் நம்ப மாட்டீர்கள், ரொம்ப நாள் வெளியூர் போயிருந்த நண்பன் வாசலில் வந்து நின்ற மாதிரி இருந்தது. அதற்குப் பிறகு கோடுகள் நிறைய விழுந்தன. மறுபடியும் எனக்கு வேலை வந்துவிட்டது.

ஒன்பதாவது தடவை நான் பொய் சொல்லவில்லை. இதை நீங்கள் குறிப்பாக எழுதிக்கொள்ள வேண்டும். ஒன்பதாவது தடவை உண்மையாகவே சத்தம் இருந்தது. கட்டைகளுக்கு மேலே தொங்கிய மைக்கில் நனைந்த துணியைப் பிழிகிற மாதிரி ஓர் ஓசை விட்டுவிட்டு வந்தது. வோபேயின் மூச்சு. தேவாலயத்தில் இருந்த யாருக்கும் முன்னால் அதைக் கேட்டவன் நான்தான். பொத்தானை அழுத்தினேன்.

“வோபே, உன் மூச்சு மைக்கில் விழுகிறது. கொஞ்சம் அடக்கி வாசி. மறுபடி.”

ரிக்ஸ்ட் படியிறங்கி என் அறைக்கே வந்துவிட்டாள். கையில் அணைந்த மெழுகுவர்த்தி.

“மாமா, போதும். அப்பாவோட உதடு நீலமா இருக்கு.”

“மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் அப்படித்தான் தெரியும்.”

“ஒரு தடவைன்னு சொன்னீங்க. எங்கிட்ட சொன்னீங்க.”

“ட்ராக்டருக்கு நான் என்ன செய்ய முடியும், ரிக்ஸ்ட்?”

அவள் அழ ஆரம்பித்தாள். என் காதில் ஹெட்போன் இருந்தது. மேலேயிருந்து வோபேயின் குரல் அதில் வந்தது. அவள் எங்கே போயிருப்பாள் என்று அவனுக்குத் தெரியும்.

“லாமெர்ட், அவள மேல அனுப்புடா. அவ சின்னப் பொண்ணு, அவளுக்குப் புரியாது.”

சின்னப் பெண்ணுக்கு அப்போது ஐம்பத்தியொரு வயது.

அவள் படியேறிக்கொண்டிருந்த அந்த நேரத்தில் இன்னொன்றும் நடந்தது. இது ரிக்ஸ்டுக்குத் தெரியாது, ஹிண்டெர்க்குக்கும் தெரியாது. வோபே மைக்குக்குப் பக்கத்தில் வாயைக் கொண்டுவந்து மெதுவாகப் பேசினான். மெதுவாகப் பேசினால் எனக்கு மட்டும்தான் கேட்கும் என்று அவனுக்குத் தெரியும்.

“டேய். நேர்மையா சொல்லு. அந்த ட்ராக்டர் வந்துச்சே, மொதல் தடவ. அது எப்பிடிடா இருந்துச்சு? எனக்கென்னமோ வந்துட்ட மாதிரி இருந்துச்சு. அம்பது வருஷமா வராதது வந்துட்ட மாதிரி. நீ சொல்லு, நீ சொன்னா நான் நம்புவேன்.”

நான் பொத்தானை அழுத்தினேன்.

“சுமார்தான்” என்றேன்.

பெப்பர்மிண்ட் பல்லில் படுகிற சத்தம் கேட்டது.

“அப்பிடியா” என்றான். “சரி. வயசாயிருச்சுல்ல. மத்தவன் ஏமாத்துவான், நீ ஏமாத்த மாட்ட. இன்னொண்ணு பண்ணுவோம்.”

பத்தாவதும் பண்ணினான். பதினோராவதும் பண்ணினான்.

பதினோராவதில், முடிவதற்கு நாலு நிமிடம் இருக்கும்போது, இசைத்தாளில் இல்லாத ஒரு பெரிய ஓசை வந்தது. இரண்டு முழங்கையும் மார்பும் கட்டைகளின்மேல் விழுந்தால் வருகிற ஓசை. ரிக்ஸ்ட் கத்தினாள். ஹிண்டெர்க் ஆர்கனுக்குப் பின்னால் இருக்கிறவன், அவனுக்கு முன்னால் நடப்பது தெரியாது. பெரிய ஓசை வந்தால் அதிகக் காற்று வேண்டும் என்பது மட்டும் தெரியும், ஆகவே இன்னும் வேகமாக மிதித்தான். அந்தச் சத்தத்தில் ரிக்ஸ்ட் கத்தியது அவனுக்கும் கேட்கவில்லை. வோபே கிடந்தான், ஆர்கன் ஒலித்துக்கொண்டே இருந்தது. கேமராக்காரர் ஒருவர் சுற்றிக்கொண்டு ஓடிப்போய் ஹிண்டெர்க்கின் தோளைப் பிடித்து நிறுத்திய பிறகு காற்று குறைந்து, சுருதி இறங்கி, ஒவ்வொரு குழலாக அடங்கியது. மூன்று நிமிடம் பத்து நொடி. துல்லியமாகச் சொல்கிறேனே என்று பார்க்காதீர்கள். பதிவை நான் நிறுத்தவில்லை, அதனால் தெரியும்.

தாளின் ஓரத்தில் ‘பதினொன்று, கடைசிப் பக்கம் உதவாது’ என்று பென்சிலால் எழுதினேன். அந்தத் தாள் உங்கள் பையில் இருக்கிறது. கையெழுத்து என்னுடையதுதான்.

ஆம்புலன்ஸ் போன பிறகு அறையில் உட்கார்ந்து முதல் பதிவை அழித்தேன். அதற்கு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை.

பிறகு ஐந்து மாதம் வீட்டில் உட்கார்ந்து மீதி பத்திலிருந்தும் படத்தை ஒட்டினேன். முந்நூற்றுப் பன்னிரண்டு ஒட்டு. என் வாழ்நாளின் சிறந்த வேலை. அதில் மூச்சு இல்லை, வழுக்கல் இல்லை. ‘ஒரே ஓட்டத்தில் வாசித்த கடைசி வாசிப்பு’ என்று வெளியிட்டோம். அவன் ஆசைப்பட்டதும் அதுதானே. ஒளிபரப்பிய அன்று ஏல்வெர்ட்டில் எல்லா வீட்டிலும் அழுதார்கள். ஹிண்டெர்க் எனக்கு ஒரு மூட்டை உருளைக்கிழங்கு கொண்டுவந்து கொடுத்தான்.

மாட்டியது மெழுகுவர்த்தியில். இருபத்தாறு நிமிடத்தில் ஒரு மெழுகுவர்த்தி எவ்வளவு குறையும் என்று எனக்குத் தெரியாது. ரிக்ஸ்ட் இரண்டு தடவைக்கு ஒரு முறை புதிது வைத்தாள் என்பதும் தெரியாது. நான் காதுக்காரன். ஒட்டியதெல்லாம் காதால் ஒட்டியது, படத்தை அதற்குத் தக்கபடி சேர்த்துக்கொள்ளும்படி சொல்லிவிட்டேன். படம் சேர்த்த பெண் ஒரு தடவை கேட்டாள், “ஐயா, மெழுகுவர்த்தி ஏறி ஏறி எறங்குதே?” காற்று என்றேன். அந்தப் பெண்ணும் நம்பினாள். முந்நூறு வருடத்துக்கு முந்தைய காது, முந்நூறு வருடத்துக்கு முந்தைய விரல் என்று வாழ்ந்துவிட்டு, முந்நூறு வருடத்துக்கு முந்தைய விளக்கில் போய் விழுந்தேன் பாருங்கள். ஜெர்மனியிலிருந்து ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர் ஒருவர் ரிக்ஸ்டுக்கு எழுதியிருக்கிறார்: ‘தங்கள் தந்தை வாசித்தால் மெழுகுவர்த்தியும் வளருமா?’ பாராட்டாகத்தான் எழுதினாராம். எத்தனை இடத்தில் வளர்கிறது என்று ரிக்ஸ்ட் உட்கார்ந்து எண்ணினாள். ஒட்டத்தான் போகிறதென்றால் ட்ராக்டர் வந்த இடத்தை மட்டும் வெட்டியிருக்கலாமே, அப்பாவைப் பதினோரு தடவை ஏன் வாசிக்க வைத்தார் என்று கேட்டுக்கொண்டு பிறகு உங்களிடம் வந்தாள்.

நீங்கள் இன்னொன்று கேட்டீர்கள். தேவாலயத்தை ஏன் ஆறு டிகிரியில் வைத்திருந்தேன் என்று. நல்ல கேள்வி, தொழில் தெரிந்தவர்கள்கூடக் கேட்கவில்லை. வெப்பம் ஏறினால் குழல்களின் சுருதியும் ஏறும். காலையில் ஆறு டிகிரியில் பதிந்த துண்டையும் மாலையில் பத்து டிகிரியில் பதிந்த துண்டையும் ஒட்டினால் அந்த இடம் படிக்கட்டு மாதிரி காலை இடறும். அதனால் படப்பிடிப்புக்கு மூன்று நாள் முன்பே சூடேற்றியை அணைத்துவிடச் சொல்வது எங்கள் வழக்கம். ஒட்டுவதற்காக.

ஒரே ஓட்டம் என்றால் ஒட்டு கிடையாது. ஒட்டு கிடையாதென்றால் எழுபத்தெட்டு வயசு நோயாளியைக் குளிரில் உட்கார வைப்பானேன். அதுவும் முதல் தடவை வாசிப்பதற்கு மூன்று நாள் முன்பே, அவன் எப்படி வாசிப்பான் என்று தெரியாதபோதே, அணைக்கச் சொல்லிப் போன் செய்வானேன். நீங்கள் சொல்வது நியாயமாகத்தான் இருக்கிறது. பழக்கம் என்று ரிக்ஸ்டிடம் சொன்னேன். உங்களிடமும் அதையே சொல்கிறேன். விரல் தானாகப் போகிற மாதிரி, போனை நோக்கிக் கை தானாகப் போயிருக்கும். எனக்குக் கை இல்லை என்று வோபே சொன்னது தப்பாக இருக்கலாம்.

அவன் செத்த பிறகாவது அந்த முதல் பதிவை வெளியிட்டிருக்கலாமே என்று உங்கள் முகம் கேட்கிறது. வெளியிட்டிருக்கலாம். ஆனால் அது வோபேயின் படம். இப்போது இருப்பது எங்கள் இருவரின் படம். முழு மனுஷனின் படம்.

நீங்கள் கெட்டிக்காரர். நான் முதல் பதிவை அழித்தேன், ஆனால் கேமராவில் ஒட்டிக்கொண்டிருக்கிற அந்தக் குப்பை மைக்கை நான் மைக் என்றே நினைத்ததில்லை. அதில் எல்லாம் பதிந்திருக்கிறது. இப்போது ஹெட்போன் கொடுத்து இருபத்தாறு நிமிடம் கேட்க விட்டதற்கு நன்றி. மோசமான ஒலி, தகர டப்பாவுக்குள் வாசித்த மாதிரி. அப்படியும் வோபே என்ன வாசிப்பு வாசித்திருக்கிறான் பார்த்தீர்களா. ஐம்பது வருடமாக வராதது வந்துவிட்டிருக்கிறது. அவன் கேட்டபோது எனக்குத் தெரியும்.

நீங்கள் ஐந்து தடவை கேட்டீர்கள் என்கிறீர்கள், உங்கள் நிபுணர்கள் எந்திரம் வைத்துக் கேட்டார்கள் என்கிறீர்கள், ஹிண்டெர்க்கின் ட்ராக்டருக்கு அன்று பேட்டரியே இல்லை என்று எழுதி வாங்கி வைத்திருக்கிறீர்கள். இருக்கட்டும். அவர்களெல்லாம் கேட்கப் பழகியவர்கள் இல்லை. பதினெட்டாவது நிமிடத்தில், நாலாவது விரலுக்குச் சற்று முன்னால், அடியில் மெல்லிதாக ஒன்று ஓடுகிறது. வேண்டுமானால் மறுபடி போடுங்கள், நான் காத்திருக்கிறேன்.

வோபேயைக் கொன்றது நான்தான், அதைத் தாராளமாக எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் ட்ராக்டர் ஓடியது.